அவசரப்பட்டு எழுந்த பிணம்

அர்ஹெமிரோ சாரிஸ் மாதிரி செத்துக் கிடக்க எங்கள் துறைமுக ஊரான பரன்கியாவில் இன்னொரு ஆள் கிடையாது. எங்கள் பேட்டை பாரியோ அபாஹோவில் யாரைக் கேட்டாலும் இதைத்தான் சொல்வார்கள். வருஷம் முழுக்க அவர் பஸ் சீட் தைக்கிறவர். ரெக்சின் சுருள்களும் கிழிந்த ஸ்பாஞ்சும் அவருடைய குஷன் கடை வாசலை அடைத்துக்கொண்டு கிடக்கும். இந்தியாவிலிருந்து வந்த நான் கடைக்கு மேலே இருக்கிற அறையில் குடியிருக்கிறேன். கீழே தையல் மெஷின் ஓடினால்தான் எனக்குத் தூக்கமே வரும். கார்னிவல் திருவிழாவின் கடைசி நாளான செவ்வாய்க்கிழமை மட்டும் மெஷின் ஓடாது. அன்றைக்கு அவர் பிணம்.

அன்றைக்குத்தான் ஹோசெலிட்டோ சாகிறான். நாலு நாள் ஆடிக் குடித்துக் களைத்த கார்னிவலே ஒரு மனுஷனாகி, அந்தப் பேரை வைத்துக்கொண்டு, செத்துப்போகிறது. தெருவுக்குத் தெரு ஓர் ஆளைப் பலகையில் கிடத்தி, பூவைப் போட்டுத் தூக்கிக்கொண்டு போவார்கள். பின்னால் கறுப்பு கவுன் போட்ட விதவைகள். பாதிப் பேருக்கு மீசை இருக்கும். சந்திக்குச் சந்தி பலகையை இறக்கி ஒப்பாரி வைப்பார்கள். கடைசிச் சந்தியில் மூத்த விதவை ரம் பாட்டிலைத் திறந்து பிணத்தின் உதட்டில் ஒரு சொட்டு விடுவாள். சொட்டு பட்ட உடனே பிணம் துள்ளி எழுந்து ஆடும். எங்கள் தெருவில் அதுதான் சட்டம். பட்டால்தான் எழுந்திருக்கலாம். அதற்கு முன்னால் சிரித்தாலோ இருமினாலோ போச்சு, அடுத்த கார்னிவல் வரை எங்களைத் தலைநிமிர்ந்து நடக்க விடமாட்டார்கள்.

அடுத்த தெருக்காரர்கள் அதற்காகவே வருவார்கள். மூக்கில் மக்காச்சோள மாவைத் தூவுவார்கள். உள்ளங்காலில் கோழி இறகை வைத்து இழுப்பார்கள். காதோரம் குனிந்து, "அண்ணே, விஷயம் தெரியுமா? நம்ம புட்பால் டீம் தோத்துப்போச்சு, அதுவும் மலைக்காரன்ககிட்ட" என்பார்கள். அர்ஹெமிரோவின் இமைகூட ஆடாது.

எப்படி முடிகிறது என்று ஒருமுறை கேட்டேன். "மனசுக்குள்ள ஒரு சீட்டைத் தைக்க ஆரம்பிச்சிருவேன். மொதல்ல ஸ்பாஞ்சை வெட்டணும், அப்புறம் ரெக்சினை இழுத்துப் பிடிக்கணும். ஓரம் தச்சு முடிக்கறதுக்குள்ள ரம் வந்துரும்" என்றார்.

மூத்த விதவை எப்போதும் அவர் மனைவி நூரிஸ்தான். மீசையில்லாத விதவைகளில் அவளே பேர் போனவள். "ஐயோ ஹோசெலிட்டோ, போயிட்டியே! பிரேக் பிடிக்காத பஸ் மாதிரி நீ விடற குறட்டை இல்லாம நான் எப்படிய்யா தூங்குவேன்!" என்று அவள் மாரில் அடித்துக்கொள்ளும்போது தெருவே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும்.

இனி அந்தச் சினிமா விஷயம். இரண்டு பேரும் சந்தித்ததே அதில்தான்.

நாற்பது வருஷத்துக்கு மேல் இருக்கும். எவரிஸ்தோ லேமுஸ் என்று ஒருவர், மேட்டுத் தெருப் பெரிய வீட்டுப் பிள்ளை, வெளிநாட்டில் சினிமா படித்துவிட்டு வந்து இங்கே ஒரு படம் எடுத்தார். 'சாவு வராத துறைமுகம்' என்று பேர். கதை இதுதான்: ஒரு ஊரில் பல வருஷமாக யாருமே சாகவில்லை. சவப்பெட்டிக்காரன் பட்டினி. இப்படி ஒரு ஊர் இருக்க முடியாது என்று அரசாங்கம் ஓர் அதிகாரியை விசாரிக்க அனுப்புகிறது. அவர் வந்து இறங்கிய அன்று ஒருவன் கடைசியில் செத்துப்போகிறான். ஊரே கூடி அழ, அதிகாரி நிம்மதியாகத் திரும்பிப் போகிறார். ரொம்பக் கனமான படமாக வரவேண்டும் என்று லேமுஸுக்கு ஆசை. சாவைப் பற்றி, அரசாங்கத்தைப் பற்றி, எல்லாவற்றையும் பற்றி.

அதற்கு ஒரு பிணம் தேவைப்பட்டது. பாரியோ அபாஹோவில் விசாரித்தால் எல்லாரும் ஒரே ஆளைத்தான் கைகாட்டினார்கள். அர்ஹெமிரோவுக்கு அப்போது இருபத்துச் சொச்சம் வயசு. ஒல்லியான உடம்பு, நீண்ட மூக்கு.

"அசையாம கிடக்கணும், முடியுமா?" என்று லேமுஸ் கேட்டாராம்.

"அது ஒண்ணுதான் எனக்கு முடியும் சார்" என்றாராம் இவர்.

ஐஸ் தொழிற்சாலை முற்றத்தில் ஐஸ்பாளங்களை அடுக்கி, அதன் மேல் அவரைக் கிடத்தினார்கள். அழுகிற ஊர்க்காரர்களாகப் பேட்டை ஜனங்களையே நிற்க வைத்தார்கள். செத்தவனின் தாயாக நடிக்கத் மலைமேல் இருக்கிற தலைநகர் போகோதாவிலிருந்து ஒரு பெரிய நாடக நடிகை வந்திருந்தாள். அவள் கையில் ஆற்றுத் தண்ணீர் நிறைத்த ஒரு பாட்டில். மகனின் உதட்டை நனைத்துவிட்டு, அவன் மேல் சாய்ந்து மெல்ல அழ வேண்டும். அதிகாரி தொப்பியைக் கழற்றுவார். அதோடு படம் முடிகிறது.

பாட்டில் மட்டும் ரம் பாட்டில். கைக்கு வேறு எதுவும் அகப்படவில்லை. கழுத்து நீண்ட அந்தப் பாட்டிலை எங்கே பார்த்தாலும் எங்கள் தெருவில் அடையாளம் தெரியும்.

கேமரா ஓடியது. அர்ஹெமிரோ ஐஸ் மேல் கிடக்கிறார். ஒரு பச்சை ஓணான், கதையில் இல்லாதது, எங்கிருந்தோ வந்து அவர் மார்பில் ஏறி, கழுத்து வழியாகக் கன்னத்துக்கு வந்து, சற்று நேரம் உட்கார்ந்து யோசித்துவிட்டு இறங்கிப் போகிறது. பிணத்தின் இமை அசையவில்லை. லேமுஸ் சந்தோஷத்தில் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றாராம். நடிகை முன்னால் வந்தாள். பாட்டிலைச் சாய்த்தாள். ஒரு சொட்டு உதட்டில் விழுந்தது.

அவ்வளவுதான். பிணம் துள்ளி எழுந்தது.

எழுந்தது மட்டுமா? இரண்டு கையையும் விரித்து, இடுப்பை வெட்டி, ஐஸ் மேலேயே ஆட ஆரம்பித்துவிட்டது. அழுதுகொண்டிருந்த ஊர்க்காரர்களுக்கும் அதே பழக்கம்தானே. பிணம் எழுந்தால் அவர்களுக்குத் தெரிந்தது ஒன்றுதான். எவனோ காலித் தகரத்தில் தாளம் போட, எல்லாரும் பாடிக்கொண்டு ஆடத் தொடங்கினார்கள். போகோதா நடிகைக்கு இந்தச் சட்டமெல்லாம் தெரியாது. நிஜமாகவே அலறிக்கொண்டு, முற்றத்தில் அடுக்கியிருந்த மீன்கூடைகளுக்குள் விழுந்தாள். கேமராக்காரர் இந்த ஊர்க்காரர். சிரிப்பை அடக்க முடியாமல் கேமரா குலுங்கக் குலுங்கக் கடைசி வரை பிடித்துவிட்டார்.

மறுபடி எடுக்கப் பிலிம் இல்லை. இருந்த கடைசிச் சுருள் அதுதான். லேமுஸ் ஒரு ஐஸ்பாளத்தின் மேல் உட்கார்ந்து அழுதார். "என் படத்தை நாசம் பண்ணிட்டியேய்யா" என்றார். அர்ஹெமிரோ தொப்பலாக நனைந்து, தலை குனிந்து நின்றார். பின்வரிசையில் மஞ்சள் துணியைத் தலையில் கட்டியிருந்த ஒருத்தி மட்டும் சிரித்துக்கொண்டே இருந்தாள்.

"எதுக்கு சிரிக்கறே?" என்று இவர் கோபமாகக் கேட்டிருக்கிறார்.

"தண்ணிக்கே இந்த ஆட்டம்னா, ரம் குடுத்தா என்ன பண்ணுவே?" என்றாளாம் அவள்.

அவள்தான் நூரிஸ். அடுத்த கார்னிவலுக்குள் கல்யாணமாகி, மூத்த விதவையும் ஆகிவிட்டாள்.

அந்த ஆட்டத்தோடேயே முடிந்த படம் ஒரே தியேட்டரில் ஓடி, ஓடாமல், மறைந்துபோனது. ஒரு ஆளின் படத்தைக் கெடுத்துவிட்டோமே என்ற வருத்தம் அர்ஹெமிரோவுக்கு ரொம்ப நாள் இருந்தது. லேமுஸ் வேறு தேசத்துக்குப் போய் அங்கேயே இறந்துவிட்டார் என்று கேள்விப்பட்ட அன்று இவர் கடையைத் திறக்கவில்லை.

போன டிசம்பரில் ஒரு காலை, நான் என் நாற்காலிக்குக் குஷன் மாற்றக் கடையில் நின்றுகொண்டிருந்தேன். முப்பது வயசு மதிக்கத்தக்க ஒரு பெண் உள்ளே வந்தாள். என்னையும் அர்ஹெமிரோவையும் நூரிஸையும் பார்த்தாள். புதிதாகத் தைத்து வைத்திருந்த நீளமான பஸ் சீட்டில் மல்லாந்து படுத்துக் கண்ணை மூடிக்கொண்டாள்.

"வெயில் தாங்காம மயங்கிடுச்சு. மலைநாட்டுக்காரி போல, முகத்தைப் பாரு" என்றார் அர்ஹெமிரோ. "நூரிஸு, தண்ணி கொண்டா!"

நூரிஸ் டம்ளரோடு ஓடிவந்தாள். குனிந்து, விரலைத் தண்ணீரில் நனைத்து, அந்தப் பெண்ணின் உதட்டில் வைத்தாள். பெண் துள்ளி எழுந்து, இரண்டு கையையும் விரித்து, இடுப்பை வெட்டினாள்.

டம்ளர் தரையில் சிதறியது. நூரிஸின் முகம் மாவு மாதிரி வெளிறிவிட்டது.

"விளையாடற விஷயமாடி இது?" என்று கத்தினாள். "யாருடி உனக்கு இதெல்லாம் கத்துக்குடுத்தா? போ வெளியே!" என்றவள் தானே உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அந்தப் பெண் பதறி மன்னிப்புக் கேட்டாள். அவள் பேர் ஹிமேனா. போகோதாவில் பழைய படங்களைத் தேடிச் சுத்தம் செய்து காப்பாற்றுகிற வேலை. 'சாவு வராத துறைமுக'த்தின் சுருள் ஒரு குடோனில் அகப்பட்டதாம். சுத்தம் பண்ணி வெளியிட்டார்களாம். இப்போது மெக்சிகோவிலும் மாட்ரிட்டிலும் இளவட்டங்கள் அந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறார்களாம். படம் முழுக்கக் கொட்டாவி விட்டுக்கொண்டிருப்பார்கள், கடைசிக் காட்சி வந்ததும் தரையில் படுத்துவிடுவார்கள். சொட்டு விழுந்ததும் எல்லாரும் ஒரே நேரத்தில் எழுந்து ஆடுவார்களாம்.

"நீங்கதான் அந்தப் பிணம்" என்றாள் அர்ஹெமிரோவிடம், கோவிலில் நிற்கிறவள் மாதிரி. "உங்க முகம் போட்ட பனியன் எங்கிட்ட இருக்கு ஐயா."

அர்ஹெமிரோ கத்தரியை வைத்துவிட்டு உட்கார்ந்தார். "அப்ப நான் கெடுக்கலையா?" என்று மட்டும் கேட்டார்.

"நீங்க இல்லேன்னா அது படமே இல்லை."

கார்னிவல் திங்கள்கிழமை மாலை எங்கள் தெருவிலேயே படத்தைத் திரையிடுவது, மறுநாள் செவ்வாய்க்கிழமை அர்ஹெமிரோ ஹோசெலிட்டோவாகக் கிடக்க அதை அவள் படம் பிடிப்பது. இதுதான் ஹிமேனா கேட்டது. அர்ஹெமிரோ உடனே சரி என்றார். மூடிய கதவுக்குப் பின்னாலிருந்து நூரிஸ், "முடியாது" என்றாள்.

காரணம் எனக்குக் கொஞ்சம் தெரியும். போன ஜூலையில் அவர் ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தபோது நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். ஆபரேஷன் நடந்தது. அதற்குப் பிறகு கண் திறக்காமல் கிடந்தார். சாப்பாட்டுப் பாத்திரத்தோடு போன நான் ஆஸ்பத்திரி அறைக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்றேன். அந்தப் பக்கம் நூரிஸ் குனிந்து என்னவோ செய்துகொண்டிருந்தாள், விடாமல். நான் எப்போதுமே மோசமானதை முதலில் நினைத்துவிடுகிற ஆள். மறுநாள் அவர் தானாகவே கண் திறந்து, "மெஷினை மூடி வச்சியா?" என்று கேட்டபோதுதான் எங்களுக்கெல்லாம் மூச்சு வந்தது.

இப்போது ஆள் தேறிவிட்டார். ரம் கூடாது, கனம் தூக்கக் கூடாது. கண்ணை மூடிக்கொண்டு கிடப்பதற்கு டாக்டரே தடை சொல்லவில்லை. தடை நூரிஸ்தான்.

"நீ வேணா படு. உன் உதட்டுல நான் எதையும் வைக்கமாட்டேன்" என்று சொல்லிவிட்டாள்.

மாற்று ஏற்பாட்டுக்கு ஒசிரிஸ் வந்தார். மீன் விற்கிறவர், பானை வயிறு, பெரிய மீசை, பல வருஷமாக இளைய விதவை. "நான் இருக்கேன்ல அண்ணே. மூத்தவ ஒதுங்கிட்டா இளையவளுக்குத்தானே உரிமை" என்று இடுப்பில் கைவைத்து நின்றார்.

"உன் கையால ரம் வாங்கி எழுந்திருக்கறதுக்கு நான் செத்தே கிடக்கலாம்டா" என்றார் அர்ஹெமிரோ.

"அப்படியென்ன என் கைல?"

"மீன் நாத்தம்."

சிரிப்பு அடங்கியதும் அர்ஹெமிரோ உள்ளே திரும்பிக் குரல் கொடுத்தார். "ஏன்டி இப்படிப் பண்றே? நாப்பது வருஷமா செஞ்சதுதானே? ஒரு சொட்டு. அதுவும் வெறும் தண்ணியாவே இருக்கட்டும்."

நூரிஸ் வெளியே வந்தாள். கையில் வெங்காயம் நறுக்கின கத்தி.

"வச்சேன்யா" என்றாள். "ஆஸ்பத்திரியில நீ கிடந்தப்போ வச்சேன். நர்ஸு பொண்ணு பஞ்சைக் குடுத்து, உதடு காயாம பாத்துக்கோம்மான்னுச்சு. நனைச்சு வச்சேன். நீ எழுந்திருக்கலை. மறுபடி வச்சேன், எழுந்திருக்கலை. பொழுது விடியற வரைக்கும் வச்சேன். சொட்டு பட்டா எழுந்திருப்பேன்னு நாப்பது வருஷமா என்னை நம்ப வச்சிட்டு, அன்னைக்கு நீ எழுந்திருக்கலை."

ஒசிரிஸ் இடுப்பிலிருந்து கையை எடுத்துவிட்டார்.

அர்ஹெமிரோவுக்கு இது புதுச் செய்தி. மயக்கத்தில் கிடந்தவருக்கு எப்படித் தெரியும்? அவர் நூரிஸையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் மெதுவாக, "இந்த வருஷம் பிணம் இல்லைன்னு சொல்லிருங்கடா" என்றார். "ஒரு பொம்மையைத் தச்சுத் தரேன். அதைத் தூக்கிட்டுப் போங்க."

சொன்னபடியே தைத்தார். பழைய ரெக்சின், உள்ளே ஸ்பாஞ்சு, நீண்ட மூக்கு. நல்ல வேலைப்பாடு. ஆனால் கடைக்கு வந்தவர்கள் எல்லாரும் அதைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். ஒரு பொம்மையைச் சிரிக்க வைக்க எவன் மெனக்கெடுவான்? அடுத்த தெருக்காரன் ஒருவன் வந்து, "இது உங்க அண்ணனைவிட நல்லா நடிக்குதே" என்றான். அவனை ஒசிரிஸ் மீன் வெட்டுகிற பலகையோடு துரத்தினார்.

திங்கள்கிழமை வந்தது. ஊர் முழுக்க மாவு, வேர்வை, மேளம். சூரியன் இறங்கியதும், எங்கள் தெருக் கோடியிலுள்ள பழைய கிடங்குச் சுவருக்குச் சுண்ணாம்படித்து, ஹிமேனா படத்தை ஓட்டினாள். ஆளாளுக்குப் பிளாஸ்டிக் நாற்காலி கொண்டுவந்தார்கள். அர்ஹெமிரோவை முதல் வரிசையில் உட்கார வைத்தார்கள். நூரிஸ் வரமாட்டேன் என்றவள், அரேப்பா என்கிற முட்டை வைத்த மக்காச்சோள அடைத் தட்டோடு கடைசியில் வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். அந்தப் படத்தை அவள் அதுவரை பார்த்ததேயில்லை.

உண்மையைச் சொன்னால் படம் சுமார்தான். அதிகாரி நடக்கிறார், நடக்கிறார், நடந்துகொண்டே இருக்கிறார். "இவன் நடந்து முடிக்கறதுக்குள்ள நானே செத்துருவேன்" என்று ஒசிரிஸ் முனகினார். கடைசிக் காட்சி நெருங்கியதும் ஹிமேனா எழுந்து, தார்ச்சாலையில் மல்லாந்து படுத்தாள். அவளோடு வந்திருந்த நண்பர்களும் படுத்தார்கள். எங்கள் ஜனங்களுக்குச் சொல்லித்தரவா வேண்டும்? நாற்காலிகளைத் தள்ளிவிட்டு எல்லாரும் படுத்தார்கள். ஒசிரிஸின் வயிறு ஒரு குன்று மாதிரி தெரிந்தது. நானும், சட்டை அழுக்காகுமே என்று கொஞ்சம் யோசித்துவிட்டு, படுத்தேன். தெருவே செத்துக் கிடந்தது. அர்ஹெமிரோவும் நூரிஸும் மட்டும் நாற்காலியில்.

சுவரில் ஓணான் ஏறி இறங்கியது. பாட்டில் சாய்ந்தது. சொட்டு விழுந்தது. இளம் அர்ஹெமிரோ துள்ளினார். தெருவும் துள்ளியது. கிழவிகள், பிள்ளைகள், ஒசிரிஸ், நான், எல்லாரும் கையை விரித்துக்கொண்டு எழுந்தோம். மேளக்காரர்கள் அடித்து நொறுக்கினார்கள். மீன்கூடைக்குள் விழுகிற நடிகையின் அலறல் அதில் முங்கிப்போனது.

நான் நூரிஸைப் பார்த்தேன். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சுவரில், கத்துகிறவர்களுக்கும் ஓடுகிறவர்களுக்கும் பின்னால், மஞ்சள் துணி கட்டிய ஒரு பெண். பிணம் எழுந்ததில் அவளுக்கு மட்டும் ஆச்சரியமே இல்லை. முன்பே தெரிந்தவள் போல, அவனுக்காகவே காத்திருந்தவள் போலக் கைதட்டிக்கொண்டிருந்தாள்.

"அது நானா?" என்றாள் நூரிஸ்.

"பின்ன யாரு? உன் பல்லைப் பாரு" என்றார் அர்ஹெமிரோ.

நூரிஸ் நாக்கால் பல்லைத் தடவிப் பார்த்தாள். அப்புறம், "ஊரே எழுந்திருச்சிருச்சு. நீ ஒருத்தன்தான் நாற்காலியில ஒட்டிக்கிட்டு உக்காந்திருக்கே, கிழவா" என்றாள். அரேப்பாத் தட்டை அவர் மடியில் வைத்துவிட்டு எழுந்து போய்விட்டாள்.

மறுநாள் காலை நான் மாடிப்படியில் இறங்கியபோது கொடியில் கறுப்பு கவுன் காய்ந்துகொண்டிருந்தது. ரெக்சின் பொம்மை வாசலில், ஸ்பாஞ்சுக் குவியலின் மேல், கால் மேல் கால் போட்டுக் கிடந்தது. நூரிஸ் அடுப்பைப் பார்த்தபடியே சொன்னாள்: "ஒசிரிஸ்கிட்ட சொல்லு, அவன் இளைய விதவைதான். ரொம்ப ஆசைப்பட வேண்டாம்."

பலகையின் பின்பக்க இடது மூலையை என் தோளில் ஏற்றினார்கள். "பாத்துடா இந்தியாக்காரா, கீழ போட்டா நிஜமாவே செத்துருவேன்" என்றார் அர்ஹெமிரோ, கண்ணை மூடுவதற்கு முன்னால். அதன் பிறகு எனக்கு ஒவ்வொரு மேடு பள்ளமும் கண்டமாகத்தான் தெரிந்தது.

முதல் சந்தியில் நூரிஸ் மாரில் அடித்துக்கொண்டாள். "ஐயோ ஹோசெலிட்டோ, போயிட்டியே!" குரல் வந்தது, குறட்டை வரவில்லை. அந்த வரியை விட்டுவிட்டு அடுத்ததற்குத் தாவினாள். ஒசிரிஸ் புரிந்துகொண்டு, "அக்கா குறட்டைக்கு அழறா, நான் இந்த மூக்குக்கு அழறேன்! இந்த மூக்கு இருந்தா மழைக்கு ஒதுங்கக் குடையே வேண்டாமே!" என்று கவுனைத் தூக்கிக்கொண்டு உருண்டார். ஜனங்கள் சிரித்தார்கள். மாவு தூவினார்கள், இறகால் கீறினார்கள். டீம் தோற்ற செய்தி வந்தது. பிணம் அசையவில்லை.

கடைசிச் சந்தி. பலகையை இறக்கினோம். வெயில் உச்சியில். ஹிமேனா கேமராவோடு பிணத்தின் கால்மாட்டில் நின்றாள், உதட்டைக் குறி வைத்து. மேளக்காரர்கள் குச்சியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு காத்திருந்தார்கள்.

நூரிஸ் பாட்டிலைத் திறந்தாள். முழங்காலிட்டாள். குனிந்தாள். பாட்டில் பாதி தூரம் வந்து நின்றுவிட்டது.

அவள் அவருடைய உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். மாவு படிந்து வெளுத்திருந்தது அந்த உதடு. ஆஸ்பத்திரிக் கண்ணாடி வழியாக நான் பார்த்த அதே குனிவு. அவள் இன்னும் ஒரு கணம் இப்படியே இருந்தால் எழுந்து போய்விடுவாள் என்று எனக்குத் தோன்றியது. கொஞ்சம் அருகே கொண்டுபோனாள். மறுபடி நிறுத்தினாள். மூடிய கண்ணோடு கிடக்கிறவருக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? அவள் மூச்சைக் கேட்டாரோ என்னவோ.

பிணம் எழுந்தது.

பாட்டில் ஒரு ஜாண் தள்ளி இருந்தது. ஒரு சொட்டும் விழவில்லை. அர்ஹெமிரோ சாரிஸ், வாழ்க்கையில் ஒருமுறைகூட இமையை ஆட்டாதவர், எழுந்து உட்கார்ந்து, மாவு உதிர, "இந்தா, எழுந்துட்டேன். எழுந்துட்டேன்டி" என்றார்.

ஒரு கணம் தெரு திகைத்துப்போய் நின்றது. பிறகு அடுத்த தெருக்காரர்கள் கூரை பறக்கக் கத்தினார்கள். "கள்ள ஆட்டம்! சொட்டே படலை! பிணம் அவசரப்பட்டுருச்சு!"

"வயசாயிருச்சுப்பா, பொறுமை இல்லை!" என்றான் ஒருவன்.

ஒசிரிஸ் தலையில் அடித்துக்கொண்டார், இம்முறை நிஜமாக. "போச்சு! வருஷம் பூரா இவனுங்க வாயில விழணுமே! அண்ணே, சீட்டை எங்க வரைக்கும் தச்சீங்க?"

"ஊசியில நூலே கோக்கலைடா" என்றார் அர்ஹெமிரோ.

நூரிஸ் முழங்காலிலேயே இருந்தாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று பக்கத்தில் நின்ற எனக்கே தெரியவில்லை. பாட்டிலைப் பார்த்தாள். டாக்டர் அவருக்கு ரம் கூடாது என்று சொல்லியிருந்தது நினைவு வந்திருக்க வேண்டும். தானே அண்ணாந்து ஒரு மடக்குக் குடித்தாள். குடித்துவிட்டு, கவுனைச் சுருட்டிப் பிடித்து, கையை விரித்து, இடுப்பை வெட்டினாள். மேளம் அடித்தது. அவமானப்பட்ட தெரு அவமானத்தோடு ஆடியது. என் தோள் வலியும் அப்போதுதான் எனக்கு உறைத்தது.

ஹிமேனா மட்டும் ஆடவில்லை. கேமராவைத் தட்டிப் பார்த்துக்கொண்டு, அழாத குறையாக நின்றாள். பிலிம் சுருள் வீணாகாமல், சொட்டு விழுகிற கணத்தில் பொத்தானை அமுக்கக் காத்திருந்தவள். சொட்டுதான் விழவேயில்லையே.

"ஒண்ணுமே பதியலை அம்மா" என்றாள் நூரிஸிடம். "ஒரே ஒரு தடவை, மறுபடி செய்ய முடியுமா? அவர் படுத்தா போதும்."

நூரிஸ் ஆடுவதை நிறுத்தாமல் அவள் கன்னத்தில் மாவைப் பூசினாள்.

"அடுத்த வருஷம் வாம்மா" என்றாள். "இதே செவ்வாய்க்கிழமை. இவரு மறுபடி சாவாரு."